கறண்ட் வந்ததும் தானாக எழும்பும் சேவை

கல்லடியில் எங்கள் வீட்டு மேல்தாங்கியில் தண்ணீர் எவ்வளவு நிற்கிறது என்று அளக்கும் உணரி ஏற்கெனவே வேலை செய்கிறது. அது வைஃபை வழியாக அனுப்புவதை ராஸ்பெரி பை 4 என்ற சிறு கணினி பெற்று, பைதான் நிரலால் கோப்பில் எழுதுகிறது. கறண்ட் போய் வந்தால் மட்டும் யாராவது உள்ளே போய் நிரலை ஓடவிட வேண்டும். மாரி தொடங்கினால் இது ஓயாத வேலை. "உன்ட பெட்டி எழும்பிட்டா மனே?" என்று அம்மா கேட்கும்போது "ஓம்" என்று சொல்ல வேண்டும், அவ்வளவுதான்.

உணரிக்கும் நிரலுக்கும் இடையில் செய்தி கடத்தும் மொஸ்கிட்டோ என்ற மென்பொருளை நிறுவினாலே அது சேவையாக, அதாவது பின்னணியில் தானாக, ஓடத் தொடங்கிவிடும். ஆனால் 2.0 பதிப்பிலிருந்து, எதுவும் அமைக்காவிட்டால் அது சொந்தக் கணினிக்கு மட்டுமே காது கொடுக்கும். வெளியிலிருந்து இணைய 1883 போர்ட் என்ற வாயிலைத் திறந்து, கடவுச்சொல் கோப்பைக் காட்டியதும் உணரி உள்ளே வந்தது.

அடுத்து என் நிரலுக்கு ஒரு சிஸ்டம்டி கோப்பு. லினக்ஸில் சேவைகளைத் தொடங்கிக் கண்காணிப்பது சிஸ்டம்டிதான். மொஸ்கிட்டோவுக்குப் பிறகு தொடங்கு, உள்நுழைய முடியாத தனிப் பயனராக ஓடு என்று சில வரிகள். பைதானுக்கு முழுப் பாதையும், வெளியீட்டைத் தேக்கிவைக்காமல் இருக்க 'யு' சுவிட்சும் கொடுத்தேன். அது இல்லாவிட்டால் நிரல் அச்சிடுவது பதிவேட்டில் பிந்தித்தான் தெரியும்.

சுவையான இடம், நிரல் நின்றால் மறுபடி எழுப்புவதா என்று சொல்லும் ரீஸ்டார்ட் வரி. 'ஆன் ஃபெயிலியர்' (பிழையால் நின்றால் மட்டும்) என்று போட்டுவிட்டு சாதாரண 'கில்' கட்டளையால் நிறுத்தினால் சேவை எழும்பாது. அதை ஒழுங்கான முடிவு என்றே சிஸ்டம்டி எடுத்துக்கொள்கிறது. வலுக்கட்டாயமாக நிறுத்தும் 'கில் 9' கொடுத்தால்தான் எழுப்புகிறது. அதனால் 'ஆல்வேஸ்' (எப்போதும்) என்று மாற்றினேன். இன்னொன்று, இடைவெளி சொல்லாவிட்டால் 100 மில்லிசெக்கனில் மறுபடி முயலும். 10 செக்கனுக்குள் 5 தரம் தொடங்கியும் விழுந்தால் கைவிட்டுவிடும். இடைவெளியை 30 செக்கன் ஆக்கினால் அந்த வரம்பைத் தொடவே தொடாது.

சரி, பிளக்கைப் பிடுங்கிப் பார்த்தேன். சேவை எழும்பியது, நேரம்தான் பிழை. பை 4 இல் பற்றரிக் கடிகாரம் கிடையாது. கறண்ட் போன நேரத்துக்குக் கிட்டவே மறுபடி எண்ணத் தொடங்கும், இணையம் வந்த பிறகுதான் திருந்தும். நேரம் சரியாகும் வரை காத்திரு என்று சிஸ்டம்டியிடம் சொல்லலாம், அதற்கான காத்திருப்புச் சேவையையும் இயக்க வேண்டும். செய்து பார்த்தேன். ஆனால் இணைப்பு வராத இரவில் ஒரு அளவும் பதிவாகாது. தண்ணீர் அளக்க இணையம் எதற்கு?

அதனால் நாணயப் பற்றரியுள்ள டிஎஸ்3231 கடிகாரத்தைப் பொருத்தி, தொடக்கக் கோப்பில் அதற்குரிய வரியைச் சேர்த்து, இதுவரை பழைய நேரத்தைச் சேமித்துக் கொடுத்த போலிக் கடிகாரப் பொதியை நீக்கினேன். காத்திருப்பு வரியும் போய்விட்டது. இப்போது இணையம் வரும் முன்னரே முதல் அளவு சரியான நேரத்தோடு விழுகிறது. அடுத்தது ரிலே என்ற மின் சுவிட்ச்: தாங்கி நிரம்பினால் மோட்டர் தானாக நிற்க வேண்டும்.