தம்பியின் வாக்குமூலப் படம்

என் தம்பி சொந்தமாகப் படம் எடுப்பவன். சண்டை, பாட்டு எதுவும் கிடையாது. தன் அன்றாட அசட்டுத்தனங்களைத் தானே கேமரா முன் ஒப்புக்கொள்வான், அதுதான் படம். தயாரிப்பாளர் இல்லை. சம்பளம் கேட்காத ஒலிப்பதிவாளராக அக்கா நான் இருக்கிறேன்.

இந்த முறை விஷயம் கொஞ்சம் பெரிது. வேலையை விட்டதை அவன் வீட்டில் சொல்லவில்லை. காலையில் பசியாறிவிட்டு, கோலாலம்பூர் செந்தூல் ஸ்டேஷனில் ரயில் ஏறப் போவதுபோலக் கிளம்பி, ஜாலான் ஈப்போ சாலைப் பக்கம் ஒரு மாமாக் கடையில், அதாவது தமிழ் முஸ்லிம் சாப்பாட்டுக் கடையில், தே தாரிக் என்ற ஆற்றிய டீயோடு உட்கார்ந்துவிடுவான். இதை அம்மா அப்பாவிடம் கேமரா முன்னால்தான் சொல்வானாம். அவர்களிடம் சொல்லி வைத்தது, "நம்ம குடும்பத்தைப் பற்றி ஒரு ஆவணப்படம்."

"நம்ம கதையை யாருடா பார்ப்பாங்க?" என்றார் அப்பா.

தம்பி ராஸ் மெக்எல்வீ என்ற அமெரிக்கரைப் பற்றிச் சொன்னான். உள்நாட்டுப் போர்த் தளபதி ஒருவர் படை நடத்திப்போன வழியைப் படமெடுக்க இருந்தவரைக் காதலி விட்டுப் போய்விட்டாள். மனிதர் அதே வழியில் போய்த் தன் காதல் தோல்வியையே படமாக்கிவிட்டார். 1987-ல் அமெரிக்காவின் சன்டான்ஸ் திரைப்பட விழாவில் ஆவணப்படத்துக்கான பெரும் பரிசு!

"அந்தப் பொண்ணோட அம்மா ஒண்ணும் சொல்லலையா?" என்று கேட்டார் அம்மா.

இயல்பாக இருங்கள் என்று தம்பி கெஞ்சினான். அம்மா தீபாவளிப் பட்டுப்புடவையில் வந்தார். அப்பா தலைக்குச் சாயம் அடித்திருந்தார். சோபாவில் எப்போதும் கிடக்கும் துணிக்குவியலைக் காணோம்.

அம்மா சேலையில் வயர்லெஸ் மைக்கைக் குத்திவிட்டு நான் ஹெட்போனை மாட்டினேன். தம்பி தொண்டையைச் செருமி, "அம்மா, ஒரு விஷயம்..." என்றதும் வாசலில் "சூராட் காபார் லாமா!" பழைய பேப்பர் லாரி. கோலாலம்பூரில் ஒலிப்பதிவு செய்து பார்த்தவர்களுக்கு என் வேதனை புரியும்.

"இருப்பா, பேப்பரைப் போட்டுட்டு வந்திடுறேன்" என்று அம்மா மைக்கோடு எழுந்து போய்விட்டார். கேட்டருகில் பக்கத்து வீட்டு ஆன்டியின் குரல் கேட்டது.

"என்னக்கா, இவ்வளவு பேப்பரு?"

"அத ஏன் கேக்குற! பையன் வேலைய விட்டுட்டு மாமாக் கடையில உக்காந்திருக்கான். இவரும் அங்கதான் நாலு மேசை தள்ளி உக்காருவாரு. பையன் பார்த்தா சங்கடப்படுவானேன்னு முகத்தை மறைக்கவே தினம் ரெண்டு பேப்பர் வாங்குறாரு."

நான் ஒன்றும் பேசாமல் ஹெட்போனைக் கழற்றித் தம்பி காதில் வைத்தேன். கேட்டுவிட்டு அப்பாவைப் பார்த்தான். அப்பா காற்றாடியைப் பார்த்தார்.

அம்மா சில வெள்ளி நோட்டுகளை மடித்துக்கொண்டே திரும்பி வந்து கொசுவத்தைச் சரிசெய்தார். "என்னமோ சொல்ல வந்தியே, சொல்லுப்பா."

தம்பி சொன்னான். அம்மா முதல் டேக்கிலேயே நெஞ்சில் கைவைத்து அசத்திவிட்டார். அப்பாவுக்குத்தான் எத்தனை முறை எடுத்தும் அதிர்ச்சி வரவே இல்லை.