கிரிக்கெட் ஆடும் கன்னக்கோல்காரன்

ஷெர்லாக் ஹோம்ஸை எழுதிய கானன் டாயிலின் தங்கை கான்ஸ்டன்ஸைக் கட்டிக்கொண்டவர் ஹார்னங். மச்சான் துப்பறிவாளனை எழுதினால் இவர் திருடனை எழுதினார். பெயர் ராஃபிள்ஸ். முதல் தொகுப்பு 1899இல் வந்தது, அதை மச்சானுக்கே சமர்ப்பணமும் செய்தார். குசும்புதான்! டாயிலுக்குக் கதைகள் பிடித்திருந்தன, ஆனால் குற்றவாளியைக் கதாநாயகனாக்கலாமா என்ற உறுத்தலும் இருந்தது.

ராஃபிள்ஸுக்கு லண்டன் பிக்கடில்லியில் ஆல்பனி என்ற பெரிய இடத்து ஜாகை. பகலில் பேர்போன சுழற்பந்து வீச்சாளர், இரவில் நகைத் திருடர். முதல் கதையில் சீட்டாட்டத்தில் தோற்று, காசில்லாத வங்கிக் கணக்கில் காசோலை கொடுத்துவிட்டு, தன்னையே சுட்டுக்கொள்ளத் துப்பாக்கியோடு வந்து நிற்கிறான் பள்ளித் தோழன் பன்னி. ராஃபிள்ஸ் ஆறுதல் சொல்லி, அதே இரவு அவனை பாண்ட் தெருவுக்கு அழைத்துப் போகிறார். நண்பரைப் பார்க்கப் போகிறோம் என்று பன்னி நினைக்க, நடந்ததோ நகைக்கடையில் கன்னம்!

எனக்குப் பிடித்தது அந்தக் கிரிக்கெட் சங்கதி. அன்று இங்கிலாந்தில் சம்பளம் வாங்காமல் ஆடுபவர் 'ஜென்டில்மேன்', வாங்குபவர் வெறும் 'பிளேயர்'. இரு தரப்புக்கும் இடையே 1962 வரை தனிப் போட்டியே நடந்தது. ராஃபிள்ஸ் முதல் வகை. ஒரு கதையில் பிரபு வீட்டுக்கு விருந்தாளியாக அழைத்தாலும், பந்து வீசத்தான் கூப்பிட்டார்கள் என்று மனிதருக்கு ஒரே எரிச்சல். சரி, வந்ததற்கு ஒரு கழுத்தணியாவது எடுத்துக்கொண்டு போவோமே என்கிற கணக்கு.