சமோசிர் தீவில் ஒரு நாள்: ஏரி மண்ணும் அண்டாலிமானும்

எங்கள் பேராக் மாநிலத்துச் சுங்கை சிப்புட் பக்கம், இந்தோனேசியாவின் சுமத்ரா தீவில் இருக்கிற தோபா ஏரிக்குப் போய் வந்தவர்கள் நிறையப் பேர் உண்டு. பினாங்கில் விமானம் ஏறினால் ஒரு மணி நேரத்துக்குள் மேடான். ஆனால் போய் வந்தவர்களிடம் கேட்டால் மேடானில் துணி வாங்கியதையும் மலையேறும் வழியில் குளிரடித்ததையும்தான் சொல்வார்கள். ஏரிக்கு நடுவில் இருக்கிற சமோசிர் தீவில் சும்மா இறங்கி, தோமோக் கடைத்தெருவில் நாலு சாமான் வாங்கிக்கொண்டு அடுத்த படகில் திரும்பிவிடுகிறார்கள். அது எனக்கு ஆற்றாமையாக இருக்கிறது. அந்தத் தீவுக்கு முழுசாக ஒரு நாள் ஒதுக்குங்கள், அந்த மண்ணிலேயே பிறந்த ஒரு வழிகாட்டியோடு. பேராக்காரர்களான நமக்கு அதில் தனி உரிமையே இருக்கிறது. ஏன் என்று சொல்கிறேன்.

நாங்கள் ஐந்து பேர் போனோம். நான், வீட்டுக்காரர், அக்கா, அத்தான், அக்கா மகள். ஏரிக்கரை ஊரான பாராபாட்டில் தங்கி, காலையில் தோமோக் படகைப் பிடித்தோம். எங்கள் வழிகாட்டி பங்குருரான் பக்கத்துக் கிராமத்துக்காரர், தோபா பாத்தாக் இனத்தவர். அவர் பேசுகிற இந்தோனேசிய மொழி நமக்கு நன்றாகவே புரியும். நாங்கள் அவரை ‘பாங்’ (அண்ணன்) என்று கூப்பிட்டோம், அவர் அக்காவையும் என்னையும் ‘இபு’ (அம்மா) என்றார். படகில் ஏறியதும் முதல் வேலையாக எல்லாரையும் மிதவை அங்கி போடச் சொன்னார். அத்தான் வேர்க்கிறது என்று கழற்றப் பார்த்தார், விடவில்லை. 2018 ஜூனில் இதே ஏரியில், சிமானிண்டோவிலிருந்து திகாராஸுக்குப் போன படகு மூழ்கி நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் காணாமல் போனார்கள். ஏரி அவ்வளவு ஆழம், மீட்க முடியவில்லை. அதைச் சொன்ன பிறகு அத்தான் அங்கியைத் தொடவேயில்லை.

படகிலிருந்து பார்த்தால் சமோசிரின் கிழக்குப் பக்கம் செங்குத்தான சுவராக எழுந்து நிற்கும். மேற்கே போகப் போக நிலம் மெதுவாகச் சரிந்து இறங்கும். பலகை ஒன்றின் ஒரு ஓரத்தை மட்டும் தூக்கிப் பிடித்தது போல. இந்தச் சாய்வைக் காட்டித்தான் பாங் கதையை ஆரம்பித்தார். சுமார் 74,000 ஆண்டுகளுக்கு முன்பு இங்கே ஒரு பெருவெடிப்பு. ஏறத்தாழ 2,800 கன கிலோமீட்டர் பாறைக்குழம்பு வெளியே வந்தது என்று கணக்கிட்டிருக்கிறார்கள். மனிதன் பூமியில் நடமாடத் தொடங்கிய பிறகு இதைவிடப் பெரிய வெடிப்பு நடந்ததாகத் தெரியவில்லை. அடியில் இருந்ததெல்லாம் வெளியேறியதும் மேலே இருந்த நிலம் தாங்காமல் உள்ளே இறங்கிவிட்டது. அந்தப் பள்ளத்தில் தண்ணீர் சேர்ந்து, 100 கிலோமீட்டர் நீளமும் 30 கிலோமீட்டர் அகலமுமாக ஏரி உண்டானது. ஆழமான இடத்தில் 500 மீட்டர் இருக்கும். அப்புறம் கீழே மறுபடியும் குழம்பு ஏறி, ஏரியின் தரையையே மேலே தள்ளியது. அந்தத் தரைதான் சமோசிர். நெருப்பைக் கக்கிய மலை ஒன்று தீவாக நிற்கிறது என்று நினைத்துத்தான் நான் போனேன். நாம் நடக்கிற இடம் ஒரு காலத்தில் தண்ணீருக்கு அடியில் கிடந்த சேறு என்று கேட்டதும் எனக்கு உடம்பு சிலிர்த்தது.

தோமோக்கில் சிடாபுத்தார் ராஜாக்களின் கல் சமாதிகள், அம்பாரித்தாவில் வழக்கு விசாரித்த கல் இருக்கைகள் எல்லாம் பார்த்தோம். எல்லாரும் போகிற இடங்கள், படங்களும் ஏராளமாகக் கிடைக்கும். அதனால் அதை விட்டுவிடுகிறேன்.

சிமானிண்டோவைத் தாண்டி ஒரு சின்னக் கடையில் பசியாறினோம். மீ கோமாக். தடித்த நூடுல்ஸ், மேலே தேங்காய்ப்பால் குழம்பு, ஓரத்தில் சம்பால். முதல் வாயிலேயே எலுமிச்சை வாசம் வந்தது. சிராய் (எலுமிச்சைப் புல்) போட்டிருப்பார்கள் என்று நினைத்துக்கொண்டே சாப்பிட்டேன். கொஞ்ச நேரத்தில் உதடும் நாக்கு நுனியும் மெல்ல மரத்துப் போயின. வலிக்கவில்லை, எரியவில்லை, ஒரு துடிப்பு மட்டும். அக்கா மகள் பயந்துபோய்த் தண்ணீர் கேட்டாள். கடைக்காரம்மா சிரித்துக்கொண்டே உள்ளே போய் ஒரு கைப்பிடி எடுத்து வந்து காட்டினார். மிளகை விடக் கொஞ்சம் சின்னதாகப் பச்சைக் காய்கள், காம்போடு கொத்துக்கொத்தாக. அதுதான் அண்டாலிமான். பார்க்க மிளகு போல இருந்தாலும் எலுமிச்சைக் குடும்பத்துச் செடி, சீனச் சமையலில் போடும் சிச்சுவான் மிளகுக்கு நெருங்கிய உறவு. முள் நிறைந்த புதர், அதனால் பறிப்பவர்கள் கையெல்லாம் கீறல் என்றார். வியாபாரத்துக்குச் சமைக்கிறவள் நான், பல வருஷமாக மசாலா அரைத்த கை இது. இப்படி ஒரு சாமானை நான் தொட்டதே இல்லை.

பங்குருரானிலிருந்து உள்மேட்டுக்கு ஏறும்போது, சாலைக்காக மண்ணை வெட்டிய ஓர் இடத்தில் பாங் வேனை நிறுத்தினார். வெட்டிய சுவரில் வெள்ளையும் சாம்பலுமாக மெல்லிய அடுக்குகள். சில அடுக்கு விரல் தடிமன், சில அடுக்கு தாள் கனம்தான். ஒரு துண்டை உடைத்து என் கையில் வைத்தார். அளவுக்குக் கனமே இல்லை. விரலால் தேய்த்ததும் மாவாக உதிர்ந்து நகக்கண்ணில் ஏறிக்கொண்டது. ‘டயட்டம்’ என்கிற, கண்ணுக்குத் தெரியாத நீர்ப்பாசிகளின் கூடுகள் ஏரிக்கு அடியில் வருஷக் கணக்காகப் படிந்து உண்டான மண் அது. அந்த இடத்திலிருந்து கீழே பார்த்தால் ஏரி எங்கேயோ தூரத்தில் பளபளக்கிறது. இவ்வளவு உயரம் ஏறி வந்திருக்கிறது அந்தச் சேறு! எங்கள் அப்பா தோட்டத்தில் பால்மரம் சீவியவர். செம்மண்ணைப் பார்த்தே இங்கே மரம் பால் கொடுக்குமா என்று சொல்லிவிடுவார். அவர் இருந்திருந்தால் அந்தச் சுவரை விட்டு நகர்ந்திருக்க மாட்டார்.

மேட்டின் மேலே சிடிஹோனி என்று ஒரு சின்ன ஏரி. சுமத்ரா ஒரு தீவு, அதற்குள் தோபா ஏரி, அதற்குள் சமோசிர் தீவு, அதன் தலையில் இன்னொரு ஏரி. கரையெல்லாம் புல், புல்லெல்லாம் எருமை. பாங் இதைக் காட்டியது வேடிக்கைக்கு மட்டுமல்ல. இந்த எருமைகளின் பாலில் இவர்கள் ஒரு கட்டி செய்கிறார்கள். பாலைக் காய்ச்சி, பப்பாளி இலைச் சாறோ அன்னாசிச் சாறோ விட்டால் திரிந்து கெட்டியாகிறது. பெயர் ‘டாலி நி ஹோர்போ’. மத்தியானச் சாப்பாட்டில் அதை மஞ்சள் மசாலாவோடு வைத்தார்கள். பன்னீரை விட வழுவழுப்பு, லேசான கசப்பு. அக்காவுக்கு அது ரொம்பப் பிடித்துவிட்டது.

அந்தச் சாப்பாடு பாங்கின் அத்தை வீட்டில். அப்பாவின் தங்கை. முன்பே சொல்லிவைத்திருந்தால் இப்படி ஏற்பாடு செய்வார்கள், தயங்காமல் கேளுங்கள். பாத்தாக் சமையலில் பன்றி இறைச்சி அதிகம். நாங்கள் மாடும் பன்றியும் தொடாத வீடு என்று முதல் நாளே சொல்லியிருந்ததால் மீனும் காயும்தான் செய்திருந்தார். நாங்கள் போனபோது ‘இக்கான் மாஸ் ஆர்சிக்’ அடுப்பில் இருந்தது. நான் சமையலறையை விட்டு வெளியே வரவேயில்லை.

பானையின் அடியில் தட்டிய சிராய், புங்கா கந்தான் என்கிற இஞ்சிக் குடும்பத்துச் செடியின் தண்டு, நீட்டுப் பயிற்றங்காய், மெல்லிய தாள் வெங்காயம். அதன் மேல் முழு கெண்டை மீன், தலையும் வாலும் இருக்க வேண்டும். சடங்குக்கு என்றால் செதிலைக்கூட எடுக்காமல் சமைப்பது வழக்கமாம். அரைத்து ஊற்றும் மசாலாவில் மஞ்சள், இஞ்சி, லெங்குவாஸ் (பேரரத்தை), சின்ன வெங்காயம், மிளகாய், புவா கெராஸ் கொட்டை, கடைசியாக அண்டாலிமான். புளிப்புக்குக் கந்தான் செடியின் காய். எண்ணெய் கிடையாது, தேங்காய்ப்பால் கிடையாது. தண்ணீர் ஊற்றி, தீயை அடக்கி, அந்தத் தண்ணீர் முழுக்க வற்றும்வரை விட்டுவிடுகிறார்கள். கரண்டி போட்டுக் கிளறுவதே இல்லை, பானையைத்தான் பிடித்து ஆட்டுகிறார் அத்தை. வற்றி முடிந்ததும் மசாலா மீனோடு ஒட்டி நின்றது. புங்கா கந்தானை நாம் லக்சாவில் கிள்ளிப் போடுகிறோம், அவ்வளவுதான். அதன் தண்டையும் காயையும் ஒரு குழம்பின் உயிராக வைக்கலாம் என்று அங்கேதான் கற்றேன்.

கல்யாணத்தில் பெண் வீட்டார் இந்த மீனைத்தான் ஆசீர்வாதமாகக் கொடுக்கிறார்கள். முன்பெல்லாம் அதற்கு ‘இஹான்’ என்கிற இந்த வட்டாரத்து மீனைப் பிடிப்பார்களாம், நம் ஆற்றுக் கெலாவின் இனம். அது அரிதாகிவிட்டதால் கெண்டை அந்த இடத்துக்கு வந்திருக்கிறது. ஏரியில் மிதக்கும் மீன் வளர்ப்புக் கூண்டுகளைக் காலையில் பார்த்திருந்தோம். தீவனமும் கழிவும் தண்ணீரில் இறங்கிக்கொண்டே இருக்கின்றன. வெளியே போகும் வழி அசஹான் ஆறு ஒன்றுதான் என்கிற ஏரிக்கு இவ்வளவு கூண்டு தாங்காது. சுற்றுலாவுக்குப் போகிற நாமும் எந்த மீன் என்று கேட்டுச் சாப்பிட வேண்டும் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. அத்தை வீட்டு மீன் வயலோரக் குட்டையில் வளர்ந்தது.

அக்கா பேச்சோடு பேச்சாக அங்கே கல்யாண முறை எப்படி என்று விசாரித்தாள். தாய்மாமன் மகள்தான் முறைப்பெண், தாய்மாமனுக்குத்தான் முதல் மரியாதை. ஆனால் அத்தை மகளைக் கட்டக்கூடாதாம். அதைக் கேட்டு அத்தான், நல்லவேளை நான் அங்கே பிறக்கவில்லை என்றார். அக்கா அவருடைய தாய்மாமன் மகளாயிற்றே, அங்கேயும் செல்லும் என்று பாங்குக்கு விளக்கி முடிப்பதற்குள் சாப்பாடு ஆறிவிட்டது. கடைசியில் லாப்பெட் வந்தது. அரிசி மாவு, பனைவெல்லம், தேங்காய்த் துருவல் மூன்றையும் ஒன்றாகப் பிசைந்து வாழையிலையில் மடித்து அவிப்பது. சொல்ல வேண்டுமா, ஐந்து பேரும் இரண்டாவது கேட்டோம்.

சாயங்காலம் பூசுக் புஹிட் மலையடிவாரத்துக்குப் போனோம். பாத்தாக் மக்கள் தங்கள் முதல் மூதாதை இறங்கிய இடம் என்று வணங்கும் மலை. சரிவில் கந்தகம் படிந்து வெளுத்துக் கிடக்கிறது, கீழே வெந்நீர் ஊற்று. வீட்டுக்காரருக்கு முட்டி வலி, அரை மணி நேரம் காலை விட்டு உட்கார்ந்திருந்தார். அந்த மலைக்குப் போகத் தானோ போங்கோல் கால்வாயைத் தாண்ட வேண்டும். டச்சுக்காரர்கள் காலத்தில் வெட்டியது. அதற்கு முன்பு ஒரு ஒடுங்கிய நிலம் சமோசிரைக் கரையோடு பிடித்து வைத்திருந்தது. இப்போது அங்கே அகலமான புதுப் பாலம்.

பேராக் பக்கம் வருகிறேன். தோபாவின் சாம்பல் காற்றோடு போய் ஆந்திராவின் ஜ்வாலாபுரம் வரைக்கும் படிந்திருக்கிறது. நம் வீட்டுக்குப் பக்கத்திலும் படிந்திருக்கிறது. கோலகங்சாரைத் தாண்டிப் போனால் வருகிற லெங்கோங் பள்ளத்தாக்கில், கோத்தா தம்பான் என்ற இடத்தில், பழைய கற்கருவிப் பட்டறையைத் தோண்டியபோது அங்கே கிடைத்தது இதே சாம்பல்தான். 2012இல் லெங்கோங்கை யுனெஸ்கோ உலக மரபுடைமையாக அறிவித்தது. தோபா வட்டாரம் 2020இல் யுனெஸ்கோவின் உலகப் புவிப்பூங்காவானது. ஒரே சாம்பலின் இரண்டு முனைகள். நடுவில் 350 கிலோமீட்டருக்கு மேல் தூரமும் மலாக்கா நீரிணையும். லெங்கோங் வழியாக எத்தனையோ தடவை கிரிக்குக்கு வண்டியில் போயிருக்கிறேன். அங்கிருக்கிற தொல்லியல் காட்சியகத்துக்குள் நுழைந்ததில்லை. சமோசிர் போய் வந்த பிறகுதான் அக்கா மகளைக் கூட்டிக்கொண்டு போனேன். நீங்கள் தோபாவுக்குப் போவதாக இருந்தால் முதலில் லெங்கோங் போய்விட்டுப் போங்கள், பாங் போன்ற ஒருவர் காட்டும் மண் இன்னும் நன்றாகப் புரியும்.

இப்போது சனிக்கிழமை மத்தியானச் சாப்பாட்டில் ஆர்சிக் போடுகிறேன். கெண்டைக்குப் பதிலாகத் திலாப்பியா. அண்டாலிமான் இங்கே கிடைக்கவில்லை. சீனர் கடையில் வாங்கும் சிச்சுவான் மிளகைப் பாதி அளவு வறுத்து அரைத்து, கஸ்தூரிக்காய்த் தோல் கொஞ்சம் துருவிச் சேர்த்தால் வாசம் ஓரளவு கிட்ட வருகிறது. துடிப்பும் வருகிறது. ஆனால் புளிப்புக்கு அசாம் கெப்பிங் போட்டால் சரிப்படவில்லை. கந்தான் காயேதான் வேண்டும். பூவை நாம் மொட்டிலேயே அறுத்துவிடுவதால் யார் வீட்டிலும் காய் பிடிப்பதில்லை. வேலியோரம் கந்தான் வைத்திருக்கிற சுங்கை சிப்புட்காரர்கள் இரண்டு மொட்டையாவது அறுக்காமல் விட்டுவையுங்கள். காய் முற்றியதும் ஒரு வார்த்தை சொன்னால் நானே வந்து பறித்துக்கொள்கிறேன், உங்கள் வீட்டுக்கும் ஒரு கிண்ணம் ஆர்சிக் வரும்.