வளைந்து போகும் தெருவை விடாதீர்கள்

பழைய நகரத்தில் கால் போன போக்கில் நடந்தால் ஏதாவது கண்ணில் படும்தான். ஆனால் எதைத் தேடுகிறோம் என்று தெரியாவிட்டால், பக்கத்திலேயே இருப்பதையும் தாண்டிப் போய்விடுவோம்.

முதலில் தெருவின் போக்கைப் பாருங்கள். நேராக வெட்டிக்கொள்ளும் தெருக்களுக்கு நடுவே ஒன்று மட்டும் காரணமில்லாமல் வளைந்தால், அங்கே ஒரு காலத்தில் மதிலோ அகழியோ ஓடையோ இருந்திருக்கலாம். மதிலை இடித்தாலும் மனை எல்லைகள் அவ்வளவு எளிதில் மாறுவதில்லை. பழைய அஸ்திவாரத்தின் மேலேயே புது வீடு எழும்பும். ரோமின் பியாத்சா நவோனா சதுக்கம் நீண்டு, ஒரு முனையில் வளைந்திருப்பது பேரரசர் டொமிஷியன் முதல் நூற்றாண்டில் கட்டிய விளையாட்டரங்கின் வடிவம்தான். மதுரையின் வெளி வீதிகள், 19-ஆம் நூற்றாண்டில் இடித்த கோட்டை நின்ற தடம்.

கிளம்பும் முன் பழைய வரைபடம் ஒன்றை இன்றைய வரைபடத்தின் மேல் பாதி ஒளிபுகும்படி வைத்துப் பாருங்கள். கோயில், பாலம், பெரிய குளம் என இடம் மாறாத மூன்று புள்ளிகளாவது பொருந்த வேண்டும். மூன்றும் ஒரே மூலையில் இருந்தால் மறு ஓரம் எங்கோ விலகிவிடும். தள்ளித் தள்ளி எடுங்கள். குறுகிய சந்துகளில் கைபேசியின் இடங்காட்டியை நம்பக் கூடாது. சிக்னல் சுவர்களில் பட்டுத் திரும்புவதால் நீங்கள் அடுத்த சந்தில் நிற்பதாகக் காட்டும். திருப்பங்களை எண்ணிக்கொண்டு நடப்பதே மேல்.

என்னைக் கேட்டால், பழமையை எளிதில் காட்டிக்கொடுப்பது வாசற்படிதான். தெருவிலிருந்து இரண்டு படி கீழே இறங்கி நுழையும் வீடு பெரும்பாலும் பழையது. மேல்மேலே சாலை போட்டுத் தெரு உயர்ந்துவிட்டது, வீடு இருந்த இடத்திலேயே இருக்கிறது. சுவர் எழுப்பி அடைத்துவிட்ட பழைய வாசல்களைக் காலையிலோ மாலையிலோ தேடுங்கள். வெயில் சாய்வாக விழும்போது பூச்சுக்கு அடியில் இருக்கும் வளைவின் விளிம்பு மெல்லிய நிழலாகத் தெரியும். உச்சி வெயிலில் அதே சுவர் வெறும் சுவர்.

முட்டுச்சந்துக்குள் நுழையும்போது அது யாரோ ஒருவரின் முற்றமாகவும் இருக்கலாம். கேட்டுவிட்டுப் போங்கள், ஜன்னலை நோக்கிப் படம் எடுக்காதீர்கள். பிரான்ஸின் லியோன் நகரில், கட்டடங்களின் ஊடாக ஒரு தெருவிலிருந்து அடுத்த தெருவுக்குப் போகும் திராபூல் வழிகள் பலவற்றைக் குடியிருப்பவர்கள் பகலில் திறந்துவைக்கிறார்கள். அங்கே சத்தம் போட்டால் அந்தக் கதவுகள் சாத்தப்படும்.