நிலம் மூழ்கினாலும் நாடு நீடிக்குமா?

ஒரு நாடு நாடாவதற்கு என்னென்ன வேண்டும் என்ற கேள்விக்குச் சர்வதேசச் சட்டம் படிப்பவர்கள் முதலில் எடுத்துக்காட்டுவது 1933ஆம் ஆண்டின் மொண்டேவிடியோ உடன்படிக்கையைத்தான். நிலையான மக்கள்தொகை, வரையறுக்கப்பட்ட நிலப்பரப்பு, அரசாங்கம், பிற நாடுகளோடு உறவு கொள்ளும் திறன் ஆகிய நான்கையும் அது அடுக்கிச் சொல்கிறது. ஒரு நாடு எப்படிப் பிறக்கிறது என்பதற்கு அதில் விடை இருக்கிறது. எப்போது இல்லாமற் போகிறது என்பதற்கு இல்லை. ஒரு நாட்டின் நிலமே கடலுக்குள் போய்விடக்கூடும் என்று அதை எழுதியவர்கள் எண்ணிப் பார்த்திருக்க வழியில்லை.

பசிபிக் கடலில் உள்ள துவாலு இன்று அந்த நிலையை எதிர்நோக்கி நிற்கிறது. ஒன்பது தீவுகள், ஏறத்தாழ 26 சதுர கிலோமீட்டர் நிலம், சுமார் 11,000 மக்கள்; நாட்டின் மிக உயர்ந்த இடமே கடல்மட்டத்திலிருந்து ஐந்து மீட்டரை எட்டாது. 2000ஆம் ஆண்டில் ஐக்கிய நாடுகள் அவையில் சேர்ந்த இந்த நாட்டுக்குப் பொதுச்சபையில் வல்லரசுகளுக்கு உள்ள அதே ஒரு வாக்கு உண்டு. உறுப்பு நாடுகள் அனைத்தும் இறையாண்மையில் சமம் என்னும் ஐ.நா. சாசனத்தின் இரண்டாவது உறுப்பு வெறும் அலங்காரச் சொற்றொடர் அல்ல என்பதை இவ்வளவு சிறிய நாட்டை வைத்துத்தான் சோதித்துப் பார்க்க முடியும்.

தீவு முழுவதும் நீருக்குள் போன பிறகுதான் சிக்கல் தொடங்கும் என்று பலரும் நினைக்கிறார்கள். உண்மையில் அது வெகு முன்பே தொடங்கிவிடுகிறது. துவாலு மக்கள் தரையில் ஆழமாகக் குழி தோண்டி, நிலத்தடி நன்னீரை ஒட்டிய அந்த ஈரமண்ணில் புலாக்கா என்ற கிழங்கைப் பயிரிடுவது வழக்கம். கடல்நீர் அடியிலிருந்து ஊறி ஏறும்போது அந்தக் குழிகள் உப்பாகிக் கிழங்கு அழுகிவிடுகிறது. நிலம் கண்ணுக்குத் தெரிந்துகொண்டே இருக்கும். ஆனால் அதில் வாழ முடியாமல் மக்கள் வெளியேறத் தொடங்கிவிடுவார்கள். எனவே நிலமில்லாத நாட்டைப் பற்றிய கேள்விக்கு முன்பாகவே, மக்களில் பெரும்பாலோர் வேறொரு நாட்டில் வாழும் நாட்டைப் பற்றிய கேள்வி வந்து நிற்கும்.

இதற்கு முன்னுதாரணம் அறவே இல்லை என்று சொல்லிவிட முடியாது. 1991இல் சோமாலியாவின் மைய அரசாங்கம் சரிந்து பல ஆண்டுகள் செயல்படும் அரசே இல்லாதிருந்தும், அது நாடு என்ற தகுதியை இழக்கவில்லை. எஸ்டோனியா, லாட்வியா, லித்துவேனியா ஆகிய மூன்றையும் சோவியத் ஒன்றியம் 1940இல் இணைத்துக்கொண்டதை அமெரிக்கா உள்ளிட்ட பல நாடுகள் ஏற்காததால், 1991இல் அவை புதிய நாடுகளாகப் பிறந்ததாகக் கருதப்படாமல், பழைய நாடுகளே மீண்டதாகக் கருதப்பட்டன. போப்பாண்டவரின் திருப்பீடம் 1870 முதல் 1929 வரை தனக்கென நிலப்பரப்பு இல்லாமலேயே தூதர்களை அனுப்பியும் ஏற்றும் வந்தது. திருப்பீடத்தைச் சிறப்பு நேர்வு என்று ஒதுக்கிவிடலாம்; மற்ற இரண்டையும் அப்படி ஒதுக்க முடியாது. ஒருமுறை நாடாகிவிட்டதை எளிதில் அழிந்ததாகக் கருத உலகம் தயங்குகிறது என்பதே இவற்றிலிருந்து நான் எடுத்துக்கொள்வது.

2025 ஜூலை 23 அன்று சர்வதேச நீதிமன்றம் பருவநிலை மாற்றம் குறித்து அளித்த ஆலோசனைக் கருத்தும் இதே திசையில்தான் செல்கிறது. ஒரு நாடு நிறுவப்பட்ட பிறகு, அதன் அடிப்படைக் கூறுகளில் ஒன்று மறைந்துபோவதாலேயே அது நாடு என்னும் தகுதியை இழந்துவிட வேண்டியதில்லை என்றது நீதிமன்றம். முறைப்படி வரையறுத்த கடல் எல்லைகளை, கடல்மட்டம் உயர்ந்து கரை பின்வாங்கியது என்ற காரணத்துக்காகத் திருத்தி வரையும் கடமை நாடுகளுக்கு இல்லை என்றும் கூறியது. மீன்பிடி உரிமக் கட்டணத்தைப் பெரிதும் நம்பியிருக்கும் துவாலுவுக்கு இந்த இரண்டாவது கருத்து முதலாவதற்குச் சற்றும் குறைந்ததன்று. எனினும் நீதிமன்றம் எச்சரிக்கையோடுதான் பேசியிருக்கிறது: எல்லாக் கூறுகளும் ஒருங்கே போய்விட்டால் என்ன ஆகும் என்பதற்கு அதில் விடையில்லை, ஆலோசனைக் கருத்து என்பதால் அது தன்னளவில் யாரையும் கட்டுப்படுத்துவதும் இல்லை.

துவாலு தன் பங்குக்கு 2023இல் அரசியலமைப்பைத் திருத்தி, நிலப்பரப்பை இழந்தாலும் தன் நாட்டுத்தகுதி என்றென்றும் நீடிக்கும் என்று எழுதிவைத்தது. அதே ஆண்டு நவம்பரில் ஆஸ்திரேலியாவுடன் கையெழுத்தான ஃபலேபிலி உடன்படிக்கையில், கடல்மட்ட உயர்வு எதைச் செய்தாலும் துவாலுவின் இறையாண்மை தொடரும் என்பதை ஆஸ்திரேலியா ஏற்றது. ஆண்டுக்கு 280 பேர் வரை அங்கே குடியேறவும் வழி செய்தது. இந்தக் குடியேறும் வாய்ப்புக்காக 2025இல் நடந்த முதல் குலுக்கலுக்கு, குடும்பத்தினரையும் சேர்த்து 8,000க்கும் மேற்பட்டோர் பதிவுசெய்தார்கள். மொத்த மக்கள்தொகையை நினைத்தால் மனம் கனக்கும் எண்ணிக்கை இது.

அதே உடன்படிக்கையின் நான்காவது உறுப்பு என்னை உறுத்துகிறது. பாதுகாப்பு, காவல், எல்லைக் கண்காணிப்பு, துறைமுகம், தொலைத்தொடர்பு, மின்வசதி ஆகியவை தொடர்பான பாதுகாப்பு விஷயங்களில் வேறொரு நாட்டோடு ஏற்பாடு செய்துகொள்ள வேண்டுமானால், துவாலு ஆஸ்திரேலியாவின் இசைவைப் பெற வேண்டும். பசிபிக்கில் சீனாவின் செல்வாக்கு வளர்வதைக் கண்டு ஆஸ்திரேலியா கேட்டுப் பெற்ற உறுதிமொழி இது என்பதில் ஐயமில்லை. ஃபெலெட்டி டியோ தலைமையில் துவாலுவில் 2024இல் அமைந்த அரசும் உடன்படிக்கையின் நோக்கத்தை ஆதரித்துக்கொண்டே, அது வெளிப்படையாகவும் மக்களைக் கலந்தும் செய்யப்படவில்லை என்று சுட்டிக்காட்டியது. துவாலு விரும்பித்தான் கையெழுத்திட்டது, விலகும் உரிமையும் அதற்கு உண்டு என்பார்கள். ஆனால் தன் மண்ணில் பயிர் விளையாமல் போகும் நாடு, மக்களை ஏற்றுக்கொள்ளும் ஒரு கதவை அடைத்துவிட்டு விலகும் என்று யார் எதிர்பார்க்க முடியும்?

கடல்மட்ட உயர்வுக்குத் துவாலு ஆற்றிய பங்கு ஏறக்குறைய ஒன்றுமில்லை. தன் நாட்டுத்தகுதியும் கடல் எல்லைகளும் நிரந்தரமானவை என்று எழுத்து மூலம் ஏற்குமாறு, தூதரக உறவு வைத்துக்கொள்ளும் நாடுகளை அது கேட்டுவருகிறது. காற்றில் கரியமில வாயுவை நிரப்பிய பெரிய நாடுகள் அந்தக் கையெழுத்தை, பதிலுக்குத் துறைமுகமோ வாக்கோ எதையும் கேட்காமல், இப்போதே இட்டுத் தர வேண்டும்.