ஜோஷிமட் நரசிம்மரின் கையும் வருங்கால பத்ரியும்

பத்ரிநாத் போகிறவர்கள் பெரும்பாலும் ஜோஷிமட்டை ராத்தங்கும் ஊராகத்தான் வைத்துக்கொள்கிறார்கள். ராத்திரி சாப்பாடு, விடியற்காலையில் வண்டி, அவ்வளவுதான். ஆழ்வார்கள் பாடிய நூற்றெட்டு திவ்யதேசங்களில் ஒன்றான திருப்பிரிதி இந்த ஊர்தான் என்று பெரியவர்கள் சொல்வது பலருக்கு அந்த நேரத்தில் நினைவுக்கு வருவதில்லை. "பிரிதி சென்றடை நெஞ்சே" என்று திருமங்கையாழ்வார் தன் நெஞ்சிடமே கெஞ்சிய இடம். நானும் பெரியம்மாவும் பெரியப்பா மகன் அண்ணனும் போனபோது, முதலில் நரசிம்மர், அப்புறம்தான் பத்ரி என்று பெரியம்மா கண்டிப்பாகச் சொல்லிவிட்டார்.

கற்கோவில். உள்ளே சாளக்கிராமத்தில் அமர்ந்த கோலத்தில் சின்ன மூர்த்தி. குளிர்காலத்தில் பத்ரி நடை சாத்தியதும் ஆதிசங்கரரின் பீடம் இங்கேதான் வந்து சேர்கிறது. ஆனால் இந்த நரசிம்மரைப் பற்றி மலை ஜனங்கள் முதலில் சொல்வது அவருடைய கையைப் பற்றித்தான். ஒரு கையின் மணிக்கட்டு காலப்போக்கில் மெலிந்துகொண்டே வருகிறதாம். ஒரு நாள் அது முறிந்து விழும். அன்றைக்கு ஜய, விஜய மலைகள் ஒன்றோடொன்று சேர்ந்து பத்ரிக்குப் போகும் வழி அடைபட்டுவிடும். அதற்குப் பிறகு பத்ரிநாதர் பவிஷ்ய பத்ரி, அதாவது வருங்கால பத்ரி என்கிற இன்னொரு தலத்தில் சேவை சாதிப்பார். தலைமுறை தலைமுறையாகச் சொல்லிவரும் வாக்கு இது. இன்னும் பலிக்கவில்லை.

அலங்காரத்தில் கை சரியாகத் தெரியவில்லை. அர்ச்சகர் தன் மணிக்கட்டைப் பிடித்துக் காட்டி விளக்கினார். பெரியம்மாவுக்கு இந்தி தெரியாது, நான்தான் சொன்னேன்.

"ஏன்டி, அப்போ பத்ரி பெருமாளை யாருமே சேவிக்க முடியாதா?"

"இல்ல பெரியம்மா, அவர் இடம் மாறி வந்துடுவாராம்."

"அது சரி. ஆனா இந்தக் கை நோகுமேடி" என்றார். அப்புறம் வெகுநேரம் கண்ணைத் திறக்கவில்லை. உலகம் என்ன ஆகும், வழி என்ன ஆகும் என்று எனக்கு ஓடிக்கொண்டிருந்தபோது, அவருக்குப் பெருமாளின் கைதான் கவலை. அந்த வாக்கைக் கேட்க வேண்டிய விதம் அதுதான் என்று இப்போதும் எனக்குத் தோன்றுகிறது.

வெளியே வந்தால் ஊரே அந்த மணிக்கட்டு மாதிரி இருக்கிறது. 2023 ஜனவரியில் இங்கே மண் உள்வாங்கி 800-க்கும் மேற்பட்ட கட்டடங்களில் விரிசல் விட்டது. குடும்பம் குடும்பமாக வீட்டை விட்டு வெளியேறினார்கள். பழைய நிலச்சரிவு மண்மேல் இருக்கும் ஊர் இது, கனமான கட்டுமானம் தாங்காது என்று 1976-லேயே அரசு அமைத்த மிஸ்ரா குழு எழுதிக் கொடுத்திருந்தது. விரிசல் விட்ட சுவர்களைப் பார்த்துக்கொண்டே நடக்கும்போது மனசு கனத்துப் போனது. பெருமாள் வாக்கு அவர் சித்தப்படி எப்போது வேண்டுமானாலும் பலிக்கட்டும். மனுஷன் எழுதி வைத்த எச்சரிக்கையைக் காதில் போட்டுக்கொண்டிருந்தால், இந்த ஜனங்களுக்கு இத்தனை கஷ்டம் வந்திருக்க வேண்டாமே.

மறுநாள் அண்ணனும் நானும் மட்டும் பவிஷ்ய பத்ரிக்குக் கிளம்பினோம். "எனக்கும் சேர்த்து சேவிச்சுட்டு வாங்கோ" என்று பெரியம்மா அறையிலேயே இருந்துவிட்டார். ஜோஷிமட்டிலிருந்து சுமார் 17 கிலோமீட்டர், நீதி பள்ளத்தாக்குப் பக்கம் போகும் சாலை. வழியில் தபோவனம், அங்கே வெந்நீர் ஊற்று உண்டு. கீழே தௌலிகங்கை. 2021 பிப்ரவரி 7-ஆம் தேதி ரிஷிகங்கையிலும் தௌலிகங்கையிலும் திடீர் வெள்ளம் வந்து 200-க்கும் மேற்பட்டவர்களைக் கொண்டுபோனது இந்தப் பள்ளத்தாக்கில்தான். அண்ணன் வண்டியை நிறுத்தச் சொல்லி, ஆற்றைப் பார்த்துக் கைகூப்பிவிட்டு ஏறினான்.

சல்தார் என்ற இடத்தைத் தாண்டி நடைதான். சுபாயி கிராமத்து வயல்களுக்கு மேலே தேவதாரு காடு தொடங்குகிறது. நல்ல ஏற்றம். கோவில் இருப்பது 2,744 மீட்டர் உயரத்தில் என்பதால் மூச்சு வாங்கத்தான் செய்யும். தலைச்சுமையோடு இறங்கி வந்த ஒரு கிராமத்து அம்மா எங்களைப் பார்த்து, "மெதுவா போ மகளே, பகவான் எங்கேயும் போகமாட்டார்" என்று சிரித்துவிட்டுப் போனார்.

கோவில் ரொம்பச் சின்னது. வரிசை இல்லை, கூட்டம் இல்லை. உள்ளே சிங்கமுகத்து நரசிம்மர். அங்குள்ள கல்லில் பெருமாளின் திருவுருவம் கொஞ்சம் கொஞ்சமாகத் தெளிந்து வருகிறது என்பது இங்குள்ளவர்களின் நம்பிக்கை. அங்கே ஒரு கை மெலிய மெலிய, இங்கே ஒரு உருவம் தெளிகிறது. எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துவிட்டது. வழி அடைபடப் போகிறது என்று சொன்னவன், அடைபடும் முன்னாலேயே இன்னொரு வாசலைத் திறந்து வைத்திருக்கிறானே! அந்த நாள் வருமோ வராதோ, அர்ச்சகர் நித்தியப்படி விளக்கேற்றுகிறார், நைவேத்தியம் செய்கிறார், எங்களுக்குத் தீர்த்தம் கொடுத்தார். இனிமேல் வரப்போகும் காலத்துக்கான கோவில் என்று அவர் அதைக் காக்கவைக்கவில்லை. இன்றைக்கே பெருமாள் அங்கே இருக்கிறார்.

திரும்பி வந்து சொன்னபோது பெரியம்மா எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டார். "அவர் அங்கேயும் இருக்கட்டும், இங்கேயும் இருக்கட்டும். கை முறியவேண்டாம்" என்றார்.

அதற்கடுத்து பத்ரி. தப்த குண்டம் என்கிற வெந்நீர்க் குளத்தில் நீராட்டம், பிறகு தரிசனம். கோலூன்றி, முதுகு வளைந்து, இருமித் தளரும் முன்னே வதரியை, அதாவது பத்ரியை வணங்குவோம் என்று ஆழ்வார் பாடியிருக்கிறார். பெரியம்மா கோலூன்றியே போய்ச் சேவித்தார். பாசுரத்தை அவர் வாயால் கேட்டபோது அழுதுவிட்டேன். வழி திறந்திருக்கிறபோதே, கால் நடக்கிறபோதே போய்விட வேண்டும் என்கிற தவிப்பு ஆழ்வாருக்கே இருந்திருக்கிறது.

பத்ரிக்குத் திட்டம் போடுகிறவர்கள் ஜோஷிமட்டில் ஒரு நாள் கூடுதலாக வையுங்கள். பவிஷ்ய பத்ரியின் நடையும் பத்ரிநாத் நடை திறக்கும்போதுதான் திறக்கும், குளிர்காலத்தில் கிடையாது. ஜூலை, ஆகஸ்ட் மழையில் மண் சரியும், தவிர்த்துவிடுங்கள். மேலே கடை எதுவும் இருக்காது, தண்ணீரும் கொஞ்சம் பழமும் கையில் எடுத்துக்கொண்டு காலையிலேயே ஏறத் தொடங்குங்கள். முழங்கால் இடம்கொடுக்காவிட்டால் பரவாயில்லை, ஜோஷிமட்டில் நரசிம்மரைச் சேவிக்காமல் மட்டும் வண்டி ஏறாதீர்கள்.