கதையில் எழுந்த கேள்வியோடு அடுத்த அடுக்குக்கு: 14 மாத வாசிப்புக் குறிப்பு

பல ஆண்டுகளாக நான் நாவல்களை மட்டுமே படித்துவந்தேன். அதிலும், பிடித்த நான்கைந்து எழுத்தாளர்களின் அடுத்த நூலுக்காகக் காத்திருப்பதே என் வாசிப்பாக இருந்தது. அந்த வட்டத்தைத் தாண்டி, புனைவிலும் அபுனைவிலும் கேள்விப்பட்டிராத நூல்களை நானே தேடிக் கண்டடைய வேண்டும் என்று முடிவுசெய்து 14 மாதங்கள் ஆகின்றன. இதுவரை 31 நூல்களைக் கையில் எடுத்து, 25 நூல்களை முழுமையாகப் படித்திருக்கிறேன். 6 நூல்களைப் பாதியிலேயே வைத்துவிட்டேன்.

பாதியில் வைத்தவற்றுள் நான்கு, முதல் மூன்று மாதங்களில் எடுத்தவை. நூல்களுக்குத் துறைவாரியாக எண் கொடுத்து அடுக்க நூலகங்களில் பின்பற்றப்படும் டூவி தசமப் பகுப்பு முறையில் பத்துப் பெரும்பிரிவுகள் இருப்பதால், மாதம் ஒரு பிரிவிலிருந்து கண்ணில் படும் நூலை எடுப்பது என்று திட்டமிட்டிருந்தேன். தத்துவம், சமூகவியல், மொழியியல் என்று நூல்கள் வந்தன. ஆனால் அவற்றிடம் கேட்பதற்கு என்னிடம் எதுவும் இல்லாததால் நாற்பதாவது பக்கத்தைத் தாண்ட முடியவில்லை. நூல்களில் குறையில்லை, நான் ஆயத்தமில்லாமல் அவற்றிடம் போனேன் என்றே இப்போது கருதுகிறேன்.

வழி திறந்தது ஒரு நாவலில்தான். கலங்கரை விளக்கத்தின் காவலர் ஒருவர், விடிந்ததும் விளக்கை அணைத்துவிட்டு, அதைச் சூழ்ந்திருக்கும் கண்ணாடி வளையங்களை ஒவ்வொன்றாக மெல்லிய துணியால் துடைக்கும் காட்சி அதில் வருகிறது. ஓர் எண்ணெய் விளக்கின் வெளிச்சத்தைத் தொலைவிலுள்ள கப்பல் வரை இந்த வளையங்கள் எப்படிக் கொண்டுசேர்க்கின்றன என்ற கேள்வி, கதை முடிந்த பிறகும் என்னை விடவில்லை. நூலகப் பட்டியலில் தேடியபோது ஒரே பொருள் மூன்று பகுப்பு எண்களின் கீழ் சிதறிக் கிடந்தது: கப்பல் போக்குவரத்தாக 387இல், கட்டுமானப் பொறியியலாக 627இல், ஒளியியலாக 535இல். மெல்வில் டூவி 1876இல் வெளியிட்ட அந்தப் பகுப்பு, துறைவாரியாகப் பிரிப்பதேயன்றிப் பொருள்வாரியாகப் பிரிப்பதன்று. சிதறியவற்றை மீண்டும் ஓரிடத்தில் காட்டுவதற்காகவே அவர் அகரவரிசைப் பொருளடைவையும் அதனுடன் சேர்த்திருந்தார். ஓர் அடுக்கின் முன்னால் நின்று பார்ப்பது மட்டும் தேடல் ஆகாது என்பதை அன்று உணர்ந்தேன்.

விடை 535இல் கிடைத்தது. விளக்கின் ஒளியைச் சிதறாமல் ஒரே திசையில் அனுப்ப, நடுவில் தடித்த பெரிய குவிவில்லை ஒன்று வேண்டும். அதை ஒரே கண்ணாடியாக வார்த்தால் அது மிகவும் தடித்துக் கனத்துப்போகும்; ஒளியும் அந்தத் தடிப்பிலேயே வீணாகும். ஒளி திசைமாறுவது கண்ணாடியின் மேற்பரப்பில்தான் என்பதால், உள்ளே உள்ள தடிப்பை நீக்கிவிட்டு வளைந்த பரப்பை மட்டும் வளையங்களாக அடுக்கினால் போதும் என்று பிரெஞ்சுப் பொறியாளர் ஒகுஸ்தேன் ஃபிரெனெல் கண்டார். அவருடைய வில்லை 1823இல் பிரான்சின் கோர்துவான் கலங்கரை விளக்கத்தில் பொருத்தப்பட்டது. இதைப் படித்தபின் நாவலின் அந்தக் காட்சியை மறுபடியும் படித்தேன். ஒவ்வொரு வளையமும் வெவ்வேறு கோணத்தில் சாய்ந்திருப்பது தெரிந்தபின், காவலரின் கை ஒவ்வொன்றிலும் ஏன் அவ்வளவு நேரம் தங்குகிறது என்பதும் விளங்கியது.

அதன்பிறகு ஒரு நூலை எடுத்தவுடன் கடைசிப் பக்கங்களைத் திறப்பது வழக்கமாயிற்று. சொல்லடைவில் ஒரு பெயருக்கு எதிரே பக்க எண்கள் நிறைய இருந்தால், நூலின் உண்மையான அக்கறை எங்கே இருக்கிறது என்பது தெரிந்துவிடும். முன்னுரையைவிட இதை நான் அதிகம் நம்புகிறேன். துணைநூற்பட்டியலில் இரண்டு வெவ்வேறு நூல்கள் குறிப்பிடும் பெயரைக் குறிப்பேட்டில் எழுதி, எந்தக் கேள்விக்காக அதைத் தேடுகிறேன் என்பதையும் பக்கத்திலேயே குறித்துவைக்கிறேன். கேள்வி இல்லாத பெயரை எழுதுவதில்லை.

ஃபிரெனெல் 1827இல், 39 வயதில், காசநோயால் இறந்தார் என்ற ஒற்றை வரி என்னை 616இல் உள்ள மருத்துவ வரலாற்று நூல்களுக்குக் கொண்டுசென்றது. 1882இல் ஜெர்மன் மருத்துவர் ராபர்ட் கோக் அந்நோயின் கிருமியை அறிவித்ததற்கும், 1943இல் ஸ்ட்ரெப்டோமைசின் என்ற மருந்து பிரித்தெடுக்கப்பட்டதற்கும் இடையே அறுபத்தொரு ஆண்டுகள் இருக்கின்றன. காரணம் தெரிந்தும் அதை அழிக்கும் மருந்து கைக்கு வராத அந்தக் காலம் என்னை மிகவும் பாதித்தது. தொடர்ந்து ஐந்து நூல்களை அதைப் பற்றியே படித்தேன். அது தவறாயிற்று. ஏறக்குறைய இரண்டு மாதங்கள் கதை ஒன்றையும் தொடாததால், படித்த தகவல்களுக்குள் மனிதர்களின் முகம் மங்கத் தொடங்கியது. இரண்டு அபுனைவுக்கு ஒரு புனைவாவது வேண்டும் என்ற வரம்பை அப்போதுதான் வைத்துக்கொண்டேன்.

அடுத்த புனைவுக்கான வழியை அந்த மருத்துவ வரலாற்று நூல்களுள் ஒன்றே காட்டியது. நோயாளிகள் ஓய்விலும் திறந்த காற்றிலும் மாதக்கணக்கில் தங்கியிருந்த சானடோரியங்களைப் பற்றிய அத்தியாயத்தின் பின்குறிப்புகளில், ஆவணங்களுக்கு நடுவே நாவல்களும் சிறுகதைகளும் சான்றுகளாகக் குறிக்கப்பட்டிருந்தன. புதிய நாவல்களைத் தேட இதைவிட நல்ல இடத்தை நான் இன்னும் காணவில்லை. ‘ஒவ்வொரு நூலுக்கும் அதற்குரிய வாசகர்’ என்பது இந்திய நூலகவியல் அறிஞர் எஸ். ஆர். ரங்கநாதன் 1931இல் வெளியிட்ட ஐந்து நூலக விதிகளுள் மூன்றாவது. அந்தப் பின்குறிப்புகளிலிருந்து எடுத்த மூன்று கதைகளையும் படித்தபோது, அவ்விதியை நான் மறுமுனையிலிருந்து அனுபவித்தேன்.

கவிதைக்கும் நாடகத்துக்கும் இந்த வழியில் இன்னும் போய்ச் சேரவில்லை. இப்போது படிக்கும் சானடோரியக் கதையில், ஒரு பெண் காலையும் மாலையும் தன் உடல் வெப்பத்தைக் குறித்து, பத்தில் ஒரு பாகை ஏறினாலும் யாரிடமும் சொல்லாமல் அட்டையைத் திருப்பிவைக்கிறாள். காய்ச்சல் என்பது எந்த எண்ணிலிருந்து தொடங்குகிறது, அதை முதலில் வகுத்தவர் யார் என்று குறிப்பேட்டில் எழுதியிருக்கிறேன். ஜெர்மன் மருத்துவர் கார்ல் வுண்டர்லிஷ் நோயாளிகளின் உடல் வெப்பத்தைப் பற்றி 1868இல் வெளியிட்ட ஆய்வைக் குறித்த நூல் ஒன்று பட்டியலில் கிடைத்திருக்கிறது. வெப்பமானியின் வரலாற்றுக்கு வெப்பவியல் அடுக்கான 536இல் தேட வேண்டும்.